'அண்டர்கிரவுண்ட்' படத்தை எழுதிய அந்த இன்னொருவர் யார்?

கேள்வி இது: "அண்டர்கிரவுண்ட் பார்த்தேன், இரண்டு நாளாக மண்டைக்குள் அதுதான் ஓடுகிறது. எல்லாரும் இயக்குநர் குஸ்துரித்சாவைப் பற்றியே பேசுகிறார்கள். ஆனால் எழுத்து என்ற இடத்தில் துஷான் கொவாசெவிச் என்று இன்னொரு பெயரும் வருகிறதே, அவர் யார்? வேறு என்ன எழுதியிருக்கிறார்? எதிலிருந்து ஆரம்பிக்கலாம்?"

இந்தக் கேள்வியை யாராவது கேட்க மாட்டார்களா என்று ரொம்ப நாளாகவே காத்திருந்தேன். வெளிநாட்டில் செர்பிய சினிமா என்றால் எமிர் குஸ்துரித்சா. செர்பியாவுக்குள் போய்க் கேட்டால் நிலைமை வேறு. அங்கே டீக்கடைப் பேச்சு மாதிரி சாதாரண மக்கள் வாயில் புழங்குகிற வசனங்களில் பெரும்பங்கு கொவாசெவிச் எழுதியவை. ஐம்பது வருடமாக நாடகம், சினிமா, தொலைக்காட்சி மூன்றிலும் எழுதிவருகிறவர். அவர் எழுதியதையெல்லாம் வரிசையாகப் பார்த்தால் ஒரே ஒரு சூழ்நிலையைத் திரும்பத் திரும்ப எழுதியிருக்கிறார் என்பது புரியும்: ஒரு மூடிய இடம், அதற்குள் கொஞ்சம் பேர், வெளியே உலகம் தலைகீழாகிக்கொண்டிருக்கிறது, உள்ளே இருப்பவர்களுக்கு அது தெரியாது, அல்லது யாரோ ஒருவர் மாற்றிச் சொல்லி வைத்திருக்கிறார். அண்டர்கிரவுண்டில், போர் முடிந்ததே தெரியாமல் சிலர் வருடக்கணக்கில் அடைந்து கிடக்கிற அந்த நிலவறை திடீரென்று 1995இல் முளைத்ததில்லை. அதற்கு முன்னால் இருபது வருட எழுத்து இருக்கிறது, அதைச் சொல்லத்தான் இந்தப் பதில் இவ்வளவு நீளம்.

பிறந்தது 1948 ஜூலை 12, மேற்கு செர்பியாவில் ஷாபத்ஸ் நகரத்துக்குப் பக்கத்தில் மிர்ஜெனோவத்ஸ் என்ற சின்ன ஊர். அந்தத் தேதியைக் கொஞ்சம் கவனியுங்கள். அதற்கு இரண்டு வாரம் முன்னால், ஜூன் 28ஆம் தேதிதான் ஸ்டாலின் தரப்பு, செர்பியா அப்போது அங்கமாக இருந்த யூகோஸ்லாவியாவின் கம்யூனிஸ்ட் கட்சியைத் தன் அணியிலிருந்து வெளியேற்றியது. அதுவரை வீட்டுச் சுவரில் ஸ்டாலின் படம் மாட்டியிருந்தவர்கள் ஒரே இரவில் தேசத் துரோகிகள் ஆனார்கள், ஆயிரக்கணக்கானவர்கள் 'கோலி ஒத்தோக்' என்ற மொட்டைத் தீவுச் சிறைக்குப் போனார்கள். இவர் எழுதிய மிக முக்கியமான கதாபாத்திரம் ஒன்று அந்த விரிசலில் சிக்கிய மனிதன்தான். அவனைப் பற்றிப் பிறகு வருகிறேன்.

பள்ளிப் படிப்பை நோவி சாத் நகரத்தில் முடித்தார், அப்புறம் தலைநகர் பெல்கிரேடின் நாடக, சினிமா, வானொலி, தொலைக்காட்சி அகாதமியில் நாடக எழுத்து படித்தார். 1973இல் பட்டம். அதே வருடத்தில் அவருடைய இரண்டு நாடகங்கள் 'அடெல்யே 212' அரங்கில் மேடையேறிவிட்டன. அந்த அரங்கத்தின் பெயரில் இருக்கிற எண், ஆரம்பத்தில் அங்கிருந்த இருக்கைகளின் எண்ணிக்கை. அவ்வளவு சின்ன இடத்தில் தொடங்கிய, அந்தக் காலத்து பெல்கிரேடின் மிகத் துணிச்சலான மேடை. இருபத்தைந்து வயதுப் பையனுக்கு அங்கே ஒரே வருடத்தில் இரண்டு நாடகம் என்பது சின்ன விஷயமில்லை.

அந்த இரண்டில் ஒன்று 'மூன்றாம் ரதோவான்'. கிராமத்திலிருந்து பெயர்ந்து பெல்கிரேடின் அடுக்குமாடிக் குடியிருப்பில் வந்து அடைந்த ஒரு குடும்பத் தலைவர், தன் வீட்டையே ஒரு ராஜ்யம் மாதிரி ஆள்கிறார். ஐந்து வருடமாகக் கர்ப்பமாகவே இருக்கிற ஒரு மகள். தொலைக்காட்சித் தொடரில் வருகிற கௌபாய் நாயகனின் கதி என்ன ஆகுமோ என்று ரதோவான் படுகிற கவலை, சொந்த வீட்டைப் பற்றிப் படுகிற கவலையைவிட அதிகம். 1973இல் எழுதியது இது, இன்றைக்குப் படித்தாலும் யாருடைய வீட்டைப் பற்றியோ எழுதியது மாதிரியே இருக்கிறது. சோரான் ரத்மிலோவிச் என்ற நடிகர் இந்தப் பாத்திரத்தை 299 தடவை மேடையில் நடித்தார். ஒவ்வொரு இரவும் அவர் தன் இஷ்டத்துக்குப் புது வசனம் சேர்ப்பார், நாடகம் நீண்டுகொண்டே போகும், அதைப் பார்க்கவே மக்கள் திரும்பத் திரும்ப வருவார்கள். 1985இல் அவர் இறக்கும்வரை இது நடந்தது. கொவாசெவிச்சின் எழுத்தைப் புரிந்துகொள்ள இதைத் தெரிந்துகொள்வது அவசியம் என்று நினைக்கிறேன். நடிகன் மூச்சு விடவும் விளையாடவும் இடம் விட்டு எழுதுகிறவர் அவர். எழுத்தாளனின் கெட்டிக்காரத்தனத்தைக் காட்டுகிற வசனம் அவரிடம் குறைவு, ஒரு மனிதன் தன்னைத்தானே காட்டிக்கொடுத்துக்கொள்கிற வசனம்தான் அதிகம்.

எழுபதுகளில் பெல்கிரேட் தொலைக்காட்சியிலும் வேலை பார்த்தார், அங்கேயும் தொலைக்காட்சிப் படங்களும் 1978இல் ஒரு தொடரும் எழுதினார். இந்தக் காலத்தைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. மேடை எழுத்தாளருக்குக் காட்சியை வெட்டி ஒட்டுகிற பயிற்சி கிடைத்த வருடங்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

சினிமாவில் அவருக்கு எல்லாம் கூடிவந்தது 1980இல். அந்த ஒரே வருடத்தில் இரண்டு படங்கள். முதலாவது 'விசேஷ சிகிச்சை', இயக்கம் கொரான் பஸ்கல்யெவிச், திரைக்கதை அவரோடும் ஃபிலிப் தாவித்தோடும் சேர்ந்து எழுதியது. குடிநோயாளிகளை உடற்பயிற்சி, ஆப்பிள் பழம், வாக்னர் இசை என்று தன்னுடைய தனி முறையில் குணப்படுத்துகிறேன் என்கிற ஒரு டாக்டர், தன் நோயாளிகளைக் கூட்டிக்கொண்டு ஒரு பீர் தொழிற்சாலைக்குப் போய், குடியின் கேடு பற்றி நாடகம் போடவைக்கிறார். நல்லது செய்கிறேன் என்று சொல்லியே மனிதர்களை எப்படி அடிமைப்படுத்தலாம் என்பதுதான் படம். இதில் நடித்த மிலேனா திராவிச்சுக்கு அந்த வருடம் பிரான்ஸின் கான் திரைப்பட விழாவில் சிறந்த துணை நடிகை விருது கிடைத்தது.

இரண்டாவது படம் 'அங்கே பாடுவது யார்', இயக்கம் ஸ்லோபதான் ஷியான். அவருடைய முதல் முழுநீளப் படம் அது. இங்கே நான் கொஞ்சம் நின்று பேசியாக வேண்டும், ஏனென்றால் என் கணக்கில் கொவாசெவிச் எழுதியதிலேயே குறையில்லாத எழுத்து இதுதான்.

1941 ஏப்ரல் 5, சனிக்கிழமை. செர்பியாவின் ஏதோ ஒரு பொட்டல் வெளியில், பெல்கிரேடுக்குப் போக ஒரு பஸ்ஸுக்காகச் சிலர் காத்திருக்கிறார்கள். முதல் உலகப்போரில் சண்டை போட்ட ஒரு கிழவர், படையில் இருக்கிற மகனைப் பார்க்கப் போகிறார். ஜெர்மானியர்களின் ஒழுங்கைப் புகழ்ந்துகொண்டே இருக்கிற ஒரு தடித்த ஆள், ஒரு காசநோயாளி, துப்பாக்கியோடு ஒரு வேட்டைக்காரர், பெல்கிரேடில் பாடும் வாய்ப்புக்காகப் போகிற ஒரு ஒப்பனை கலையாத பாடகன், இன்றைக்குக் கல்யாணமாகி இதுவரை கடலையே பார்க்காத ஒரு ஜோடி, அப்புறம் ரோமா (ஜிப்சி) இனத்தைச் சேர்ந்த இரண்டு இசைக்காரர்கள். ஒருவர் கையில் அக்கார்டியன், சின்னப் பையன் கையில் மோர்சிங். ஆமாம், நம் கச்சேரியில் வாசிக்கிற அதே மோர்சிங்கின் பால்கன் வடிவம். பஸ்ஸின் பெயர் 'கிர்ஸ்திச் அண்ட் சன்'. அப்பா கண்டக்டர், கொஞ்சம் மந்தமான மகன் மிஷ்கோ டிரைவர். புகைபோக்கி வைத்த ஒரு ஓட்டை வண்டி, அதில் பன்றிகளையும் ஏற்றிக்கொள்கிறார் கிர்ஸ்திச்.

கதை என்று பார்த்தால் அந்த பஸ் போகவேண்டிய இடத்துக்குப் போகவே மாட்டேன் என்கிறது, அவ்வளவுதான். ஒரு விவசாயி ரோட்டை உழுது போட்டுவிட்டு, இது என் நிலம், காசு கொடு என்கிறான். ராணுவம் வழியை மறித்துத் திருப்பிவிடுகிறது. பாலம் கேள்விக்குறியாக இருக்கிறது. நடுவில் ஒரு சாவு வீடு. மிஷ்கோ கண்ணைக் கட்டிக்கொண்டு வண்டி ஓட்டிக் காட்டுகிறான், அப்பா பெருமையோடு பந்தயம் கட்டுகிறார். "ஓட்டு, மிஷ்கோ!" என்ற அந்த இரண்டு வார்த்தை இன்றைக்கும் செர்பியாவில் யார் எங்கே கிளம்பினாலும் யாராவது ஒருவர் சொல்வது. கண்ணைக் கட்டிக்கொண்டு ஓடுகிற பஸ்ஸில் ஒரு தேசமே உட்கார்ந்திருக்கிறது என்பதை ஒரு பாத்திரமும் வாய்விட்டுச் சொல்வதில்லை, சொல்லியிருந்தால் படம் கெட்டிருக்கும்.

பார்ப்பவனுக்கு முதல் காட்சியிலிருந்தே ஒன்று தெரியும்: மறுநாள் காலை, ஏப்ரல் 6, ஞாயிறு, ஜெர்மன் விமானங்கள் பெல்கிரேட் மேல் குண்டு போடப்போகின்றன. பஸ்ஸில் இருக்கிற ஒருவருக்கும் தெரியாது. இந்த ஒரு வித்தியாசத்தின் மேல்தான் படத்தின் சிரிப்பு முழுவதும் நிற்கிறது, வலியும் அதே இடத்தில்தான். அவர்கள் எவ்வளவு சண்டை போட்டாலும், தாமதத்துக்கு எவ்வளவு கோபப்பட்டாலும், அந்தத் தாமதம்தான் அவர்களைக் கொஞ்ச நேரம் உயிரோடு வைத்திருக்கிறது என்று நமக்குத் தோன்றிக்கொண்டே இருக்கும்.

முடிவைச் சொல்கிறேன், பார்க்காதவர்கள் இந்தப் பத்தியைத் தாண்டிவிடுங்கள். ஊர் எல்லைக்குள் நுழைகிற நேரத்தில் கிழவரின் பர்ஸைக் காணோம். ஒரு அத்தாட்சியும் இல்லாமல் எல்லார் விரலும் அந்த இரண்டு ரோமா இசைக்காரர்களை நோக்கிப் போகிறது. வழியெல்லாம் ஒருவரையொருவர் பிடிக்காமல் இருந்தவர்கள் முதல் தடவையாக ஒன்றுசேர்வது அவர்களை அடிப்பதற்குத்தான். அடித்துக்கொண்டிருக்கும்போதே குண்டு விழுகிறது. சிதறிய பஸ்ஸிலிருந்து வெளியே வருவது அந்த இரண்டு பேர் மட்டும், வந்து தங்கள் பாட்டைப் பாடுகிறார்கள். பிறந்ததிலிருந்தே துன்பப்பட்டவன் நான், இதெல்லாம் கனவாக இருந்திருக்கக்கூடாதா அம்மா என்கிற பாட்டு, படம் முழுக்க அத்தியாயத்துக்கு அத்தியாயம் வருவது. இசை வோயிஸ்லாவ் கோஸ்திச். 1996இல் அங்கே திரைத்துறையினர் நடத்திய வாக்கெடுப்பில் 1947 முதல் 1995 வரையிலான செர்பியப் படங்களிலேயே சிறந்தது என்று இதைத்தான் தேர்ந்தெடுத்தார்கள். 2004இல் பெல்கிரேட் தேசிய அரங்கில் இதை பாலே நடனமாகவும் ஆக்கினார்கள். வசனத்துக்குப் பேர்போன ஒரு படம் வசனமே இல்லாத வடிவத்திலும் தாங்கி நிற்கிறது என்றால், அதன் அஸ்திவாரம் எவ்வளவு பலமானது என்று யோசித்துப் பாருங்கள்.

1982இல் அதே ஷியானோடு 'மாரத்தான்காரர்கள் வெற்றிச் சுற்று ஓடுகிறார்கள்'. இது 1973இல் மேடையேறிய மற்ற நாடகம். சவப்பெட்டி வியாபாரம் செய்கிற தொப்பலோவிச் குடும்பம், ஒரே வீட்டில் ஆறு தலைமுறை ஆண்கள், மூத்தவருக்கு 150 வயது, சின்னவன் மிர்கோவுக்கு 25. புதைத்த பெட்டியையே தோண்டி எடுத்துத் திரும்ப விற்பதுதான் அவர்கள் தொழில் ரகசியம். படம் 1934இல் மார்செய் நகரத்தில் கொல்லப்பட்ட அலெக்சாந்தர் மன்னரின் சாவு ஊர்வல ஆவணக் காட்சிகளோடு தொடங்குகிறது, நாடே பிண ஊர்வலத்தில் இருக்கும்போது பிணத்தால் பிழைக்கிறவர்களின் கதை. ஊமைப் படத்துக்குப் பியானோ வாசிக்கிற கிறிஸ்தினாவுக்குப் பேசும் படம் வந்ததும் வேலை போகிறது. அவளைக் காதலிக்கிற மிர்கோதான் குடும்பத்திலேயே மென்மையான ஆள், எப்படியாவது இந்த வீட்டைவிட்டு வெளியேற ஆசைப்படுகிறவன். அவன் கடைசியில் என்ன ஆகிறான் என்பதுதான் இந்த நகைச்சுவைப் படத்தின் பயங்கரம். செர்பியாவில் இதை வரிக்கு வரி மனப்பாடமாகச் சொல்கிறவர்கள் உண்டு. எனக்கு அங்கே பாடுவது யார் அளவுக்கு இது நெருக்கமில்லை, கூச்சல் அதிகம் என்று தோன்றும், ஆனால் அந்தக் கடைசிப் பத்து நிமிடத்தை மறக்க முடியவில்லை.

இப்போது நான் முன்னால் சொன்ன அந்த மனிதன். 'பால்கன் உளவாளி', நாடகமாக 1983, படமாக 1984. படத்தை ஒளிப்பதிவாளர் போஜிதார் நிகோலிச்சோடு சேர்ந்து கொவாசெவிச்சே இயக்கினார். இலியா ச்வோரோவிச் என்பவன் ஒரு காலத்தில் ஸ்டாலின் ஆதரவாளன் என்று இரண்டு வருடம் சிறையில் இருந்தவன். இப்போது ஓய்வாக வீட்டில் இருக்கிறான், மாடி அறையை வாடகைக்கு விட்டிருக்கிறான். குடியிருப்பவர் இருபது வருடம் பாரிஸில் இருந்துவிட்டு ஊர் திரும்பிய ஒரு தையல்காரர். ஒரு நாள் போலீஸ் இலியாவைக் கூப்பிட்டு, அந்த ஆளைப் பற்றி இரண்டு கேள்வி கேட்டுவிட்டு அனுப்பிவிடுகிறது. வழக்கமான விசாரணைதான், அத்தோடு அவர்கள் மறந்தும்விடுகிறார்கள். இலியாவால் மறக்க முடியவில்லை.

அப்புறம் நடப்பதையெல்லாம் அவனே செய்கிறான். தையல்காரரைப் பின்தொடர்கிறான், குறிப்பெடுக்கிறான், போட்டோ எடுக்கிறான், இரட்டைச் சகோதரனைத் துணைக்கு அழைக்கிறான், குடும்பத்தின் நிம்மதியைக் கெடுக்கிறான். தையல்காரர் நண்பர்களோடு மீன் பிடிக்கப் போனால் அது சதிக் கூட்டம். போலீஸ் நம்பவில்லை என்றால் போலீஸுக்குள்ளேயே துரோகிகள் இருக்கிறார்கள் என்று அர்த்தம். கடைசியில் ஒரு அப்பாவியை நாற்காலியில் கட்டிவைத்து விசாரிக்கிறான், முன்பு தன்னை யாரோ விசாரித்த மாதிரியே. இந்த இடம்தான் எழுத்தின் உச்சம் என்பேன். இலியா ஒரு வில்லன் என்று ஒதுக்கிவிட முடியாதபடி எழுதியிருக்கிறார். அவன் நெஞ்சில் உண்மையான பயம் இருக்கிறது. ஒரு தடவை அரசாங்கம் அவனை எதிரி என்று சொல்லிவிட்டது, இனி ஆயுள் முழுக்கத் தான் எதிரி இல்லை என்று அவன் நிரூபித்துக்கொண்டே இருக்க வேண்டும். காவலாளி யாரும் தேவையில்லை, சிறையைத் தன் வீட்டுக்குள் அவனே கட்டிக்கொண்டான். யூகோஸ்லாவியாவில் நடந்த 1984 புலா திரைப்பட விழாவில் சிறந்த படத்துக்கான தங்க அரீனா இதற்குத்தான் கிடைத்தது. இன்றும் அங்கே யாராவது அளவுக்கு மீறிச் சந்தேகப்பட்டால் அவனை இலியா ச்வோரோவிச் என்கிறார்கள், பாத்திரத்தின் பெயர் ஒரு பட்டப்பெயராகவே ஆகிவிட்டது.

இலியாவாக நடித்த தனிலோ ஸ்தொய்கோவிச் பற்றிச் சொல்லாமல் கொவாசெவிச் பற்றிச் சொல்லி முடிக்க முடியாது. எல்லாரும் பாத்தா என்று செல்லமாகக் கூப்பிடுவார்கள். விசேஷ சிகிச்சையில் இருக்கிறார். அங்கே பாடுவது யாரில் அந்த ஜெர்மன் பக்தர் அவர்தான். மாரத்தான்காரர்களில் மிர்கோவின் அப்பா. அண்டர்கிரவுண்டில் நிலவறைக்குள் இருக்கிற தாத்தா. 2002இல் இறந்தார். தான் சொல்வது சரி என்று நூறு சதவீதம் நம்புகிற, அதனாலேயே ஆபத்தான ஒரு சாதாரண மனிதனை இவ்வளவு விதமாக ஒருவர் நடிக்கவும் ஒருவர் எழுதவும் முடிந்தது இரண்டு பேருக்குமே கிடைத்த பேறு. இந்தப் படங்களை வரிசையாகப் பார்க்கும்போது அவர் முகத்தை மட்டும் தொடர்ந்து கவனித்தாலே போதும், ஒரு வரலாறு கிடைக்கும்.

1989இல் கொரான் மார்கோவிச் இயக்கிய 'சேகரிப்பு மையம்' வந்தது, இதுவும் 1982 நாடகத்திலிருந்து. ஒரு தொல்லியல் பேராசிரியர் தோண்டும்போது செத்தவர்களின் உலகத்துக்குப் போகிற வழி கிடைத்துவிடுகிறது, அங்கே ஊர்க்காரர்கள் எல்லாரும் காத்துக்கொண்டிருக்கிறார்கள். அவர்கள் ஒரு தடவை ஊருக்குத் திரும்பி வந்து, உயிரோடு இருப்பவர்கள் தங்களை எவ்வளவு சீக்கிரம் மறந்துவிட்டார்கள் என்று பார்க்கிறார்கள். அதிகம் பேசப்படாத படம், அமைதியான படம், தேடிப் பார்க்கலாம்.

அடுத்தது 'தொழில்முறை ஆள்'. 1990இல் ஸ்வெஸ்தாரா அரங்கில் அவரே இயக்கிய நாடகம், 2003இல் அவரே இயக்கிய படம். ஒரு பதிப்பகத்தின் இயக்குநராகப் புதிதாக அமர்ந்திருக்கிற தேயா என்ற எழுத்தாளனைப் பார்க்க, ஓய்வுபெற்ற லூக்கா என்ற ஒருவர் பெட்டியோடு வருகிறார். தேயா பல வருடமாக அங்கங்கே மதுக்கடைகளில் மறந்து விட்டுப்போன குடை, தொப்பி மாதிரியான பொருட்கள் அதில். அதோடு தேயாவின் புத்தகங்கள். தேயா எழுதியதாக அவனுக்கே தெரியாத புத்தகங்கள். லூக்கா ரகசியப் போலீஸ்காரர், பல வருடம் அவனை ஒட்டுக்கேட்டவர். அவன் நண்பர்களிடம் பேசியது, குடித்துவிட்டு உளறியது, சொன்ன கதைகள் எல்லாவற்றையும் தட்டச்சு செய்து பைண்ட் பண்ணி வைத்திருக்கிறார். எழுதாமலே காலத்தை வீணாக்கிய எழுத்தாளனின் எழுத்தைக் காப்பாற்றி வைத்தது அவனை அழிக்க அனுப்பப்பட்டவர். உளவாளியும் வேவு பார்க்கப்பட்டவனும் ஒரு அறைக்குள் உட்கார்ந்து பேசுவதுதான் மொத்த நாடகமும். பால்கன் உளவாளியை எழுதிய கை, அதே விஷயத்தின் மறுபக்கத்தைத் தொட்டது இது. அங்கே யாரும் கேட்காமலே வேவு பார்த்தவன், இங்கே சம்பளத்துக்கு வேவு பார்த்துக் கடைசியில் வாசகனானவன். படமாக்கும்போது கதையைத் தொண்ணூறுகளில் செர்பியாவை ஆண்ட மிலோஷெவிச்சின் ஆட்சிக் காலத்துக்கும் அதன் வீழ்ச்சிக்கும் நகர்த்தினார். எனக்கு நாடக வடிவம்தான் பிடிக்கும், படத்தில் தெருவும் கூட்டமும் உள்ளே வந்ததில் அந்த அறையின் நெருக்கம் கொஞ்சம் குறைந்துவிட்டது.

சரி, அண்டர்கிரவுண்ட். இதன் விதை 1977இல் அவர் எழுதிய 'ஜனவரியில் வசந்தம்' என்ற நாடகம். போர் முடிந்தது தெரியாமல் நிலவறைக்குள் வாழ்கிறவர்கள் என்ற அந்தக் கற்பனையை எடுத்துக்கொண்டு குஸ்துரித்சாவும் அவரும் சேர்ந்து திரைக்கதையை வளர்த்தார்கள். நீங்கள் படம் பார்த்துவிட்டதால் ஒரே ஒரு விவரத்தை மட்டும் நினைவுபடுத்துகிறேன். நிலவறைக்குள் இருக்கிற கடிகாரத்தை ஒவ்வொரு நாளும் ஆறு மணி நேரம் திருடித் திருப்பி வைக்கிறார்கள் இல்லையா? அதனால் வெளியே இருபது வருடம் ஆகும்போது உள்ளே பதினைந்துதான் ஆகிறது. அவர்களை ஏமாற்றி உள்ளே வைத்திருக்கிற மார்கோ அவர்களிடமிருந்து உழைப்பைத் திருடுகிறான், காதலியைத் திருடுகிறான், அதெல்லாம் போக ஐந்து வருட ஆயுளின் கணக்கையும் திருடுகிறான். பித்தளை வாத்தியங்களும் ஓட்டமும் ஆட்டமும் குஸ்துரித்சாவின் பாணி, அதில் சந்தேகமில்லை. அந்தக் கடிகாரம் மாதிரியான சின்ன, கொடூரமான கணக்குகளில் எனக்குக் கொவாசெவிச்சின் குரல் கேட்கிறது. தொடக்கக் காட்சியும் யோசித்துப் பாருங்கள்: 1941 ஏப்ரல் 6, மிருகக்காட்சிசாலை மேல் குண்டு விழுகிறது. பஸ் படம் எந்த நிமிடத்தில் முடிந்ததோ கிட்டத்தட்ட அதே காலையில்தான் இந்தப் படம் ஆரம்பிக்கிறது.

1995இல் கான் விழாவின் உச்ச விருதான தங்கப் பனை கிடைத்தது. போஸ்னியாவில் போர் நடந்துகொண்டிருந்த வருடம் அது, அதனால் சண்டையும் உடனே கிளம்பியது. பிரெஞ்சுச் சிந்தனையாளர் அலென் ஃபின்கெல்க்ரோ படத்தைப் பார்க்காமலே கடுமையாகத் தாக்கி எழுதினார். பார்க்காமல் எழுதியது தவறு. ஆனால் பார்த்துவிட்டு எழுந்த விமர்சனங்களை அப்படித் தள்ளிவிட முடியாது. ஜெர்மன் படையை ஸ்லோவேனியாவின் மாரிபோரும் குரோஷியாவின் ஸாக்ரெபும் வரவேற்கிற ஆவணக் காட்சிகளையும் குண்டில் நொறுங்கிய பெல்கிரேடையும் அடுத்தடுத்து வைத்தது, பெல்கிரேட் அரசுத் தொலைக்காட்சி தயாரிப்பில் பங்கெடுத்தது, இவை இரண்டும் அந்த வருடத்தில் வெறும் கலை விஷயமாக இருந்திருக்க முடியாது. போஸ்னியத் தலைநகர் சரயேவோவில் குண்டுக்கு நடுவில் இருந்தவருக்கு இந்தப் படம் எப்படிப் பட்டிருக்கும் என்று யோசித்துத்தான் ஆக வேண்டும். நான் இந்தப் படத்தை நேசிக்கிறேன், அந்தக் கேள்வியையும் விடமாட்டேன். இரண்டையும் ஒருசேர வைத்துக்கொண்டுதான் ஒவ்வொரு தடவையும் பார்க்கிறேன். நிலவறையில் ஆட்களைப் பூட்டிப் பொய் சொல்லி ஆயுதம் செய்ய வைத்தவன் மேலே கவிதை எழுதுகிற கட்சித் தலைவனாக இருக்கிறான் என்பது பெல்கிரேடின் மேலேயே விழுகிற அடி, அதையும் கவனிக்க வேண்டும்.

பிறகு அதே சூழ்நிலை, வேறு இடம்: 'புனித ஜார்ஜ் டிராகனைக் கொல்கிறார்'. எண்பதுகளில் எழுதிய நாடகம், 2009இல் ஸ்ர்ஜான் திராகோயெவிச் படமாக்கினார். இதில் மூடிய இடம் ஒரு கிராமம். 1912, 1913 பால்கன் போர்களில் கை கால் இழந்து திரும்பிய ஆண்கள் ஒரு பக்கம், முழு உடம்போடு இருக்கிறவர்கள் இன்னொரு பக்கம். 1914இல் மறுபடி போர் வந்ததும் உடம்பு நன்றாக இருக்கிறவர்களைக் கூட்டிப் போகிறார்கள். களத்தில் இருக்கிறவர்களுக்கு ஒரு வதந்தி போய்ச் சேருகிறது, ஊரில் மிச்சமிருக்கிற முடவர்கள் உங்கள் பெண்டாட்டிகளை எடுத்துக்கொள்கிறார்கள் என்று. கடைசியில் அந்த முடவர்களையும் போருக்கு ஓட்டுகிறார்கள். செர் மலைப் போர் நடந்த பகுதி கொவாசெவிச்சின் சொந்த மண், ஷாபத்ஸ் பக்கம். செர்பியர்கள் பெருமையோடு நினைக்கிற வெற்றி அது, முதல் உலகப்போரில் நேச நாடுகளுக்குக் கிடைத்த முதல் வெற்றி. அந்தப் பெருமைக்குள்ளே இப்படி ஒரு கதையை வைக்கத் துணிச்சல் வேண்டும். படம் கொஞ்சம் பகட்டாகப் போய்விட்டது என்பது என் வருத்தம்.

மற்றதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1998இலிருந்து ஸ்வெஸ்தாரா அரங்கின் தலைவராக இருந்தார், நடுவில் செர்பியாவின் தூதராக லிஸ்பனில் சில வருடம், செர்பிய அறிவியல் கலை அகாதமி உறுப்பினர். எழுத்தை விடவில்லை. ஆனாலும் எழுபதுகளின் ஆரம்பத்திலிருந்து தொண்ணூறுவரை எழுதியதில்தான் அவருடைய முழு பலமும் இருக்கிறது என்பது என் கருத்து. யூகோஸ்லாவியா என்ற அந்த நாடு இருந்தவரைக்கும் அதற்கு வரப்போவதை எழுதினார், அது போனபிறகு எழுதியதில் அந்தப் பதற்றம் இல்லை.

எங்கிருந்து ஆரம்பிக்கலாம் என்று கேட்டீர்கள். முதலில் அங்கே பாடுவது யார், ஒன்றரை மணி நேரம்கூட இல்லை. அடுத்து பால்கன் உளவாளி. இது இரண்டும் பிடித்திருந்தால் மாரத்தான்காரர்கள். அப்புறம் அண்டர்கிரவுண்டைத் திரும்பப் பாருங்கள், ஆனால் இந்தத் தடவை படத்தைப் பார்க்காமல் தொலைக்காட்சி வடிவத்தைப் பாருங்கள். ஆறு பகுதி, மொத்தம் ஐந்து மணி நேரத்துக்கும் மேல். தியேட்டர் படத்தில் ஓடி மறைகிற பாத்திரங்கள் இதில் உட்கார்ந்து பேசுகிறார்கள், எழுத்தாளரின் பங்கு எவ்வளவு என்பது அப்போது தெளிவாகத் தெரியும். தேடும்போது அண்டர்கிரவுண்ட் என்று தேடினால் படம்தான் வரும். செர்பியப் பெயரில் தேடுங்கள்: 'பிலா யெத்னோம் யெத்னா ஸெம்ல்யா'. "ஒரு ஊரில் ஒரு நாடு இருந்தது" என்கிற மாதிரி, பாட்டி கதை ஆரம்பிக்கிற தொனியில் இருக்கிற பெயர் அது.